ஞாயிற்றுக்கிழமை டோல்

பனச்சமூட்டில் என் கடை முன்னால் காரை நிறுத்தி, "மதுரைக்குப் போய் வர டோல் எவ்வளவு ஆகும்?" என்று கேட்கிறவர்களுக்கு நான் வாயைத் திறப்பதே இல்லை. எதிரே பஸ் நிறுத்தத்து சிமெண்ட் பெஞ்சைக் கையால் காட்டிவிடுவேன். அங்கே ராஜதாஸ் மாமா இருப்பார். போனில் தட்டினாலும் தொகை வரும், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் போன் வெறும் தொகையைத்தான் சொல்லும். மாமா கூடவே நாலு திட்டும் சேர்த்துத் தருவார்.

"எப்ப திரும்புவிய?" இதுதான் அவருடைய முதல் கேள்வி.

"நாளைக்கழிஞ்சு. ஒரு கல்யாணம் உண்டு."

"நாளைக்கே வர முடியாதா? ஒரு நாளுக்குள்ள திரும்பினா வாற டோலுக்குப் பாதி தான் எடுக்கும். கல்யாணம் உச்சைக்கு முன்ன முடிஞ்சு போவும். பின்ன அங்க கெடந்து என்ன செய்யப்போறிய, மாப்பிளைக்க வீட்டுல பாத்திரம் களுவப் போறியளா?"

கேட்டவர் சிரிப்பார். சிரித்துக்கொண்டே மறுநாளே திரும்பியும் விடுவார்.

என் கடை என்றால் பெரிதாக ஒன்றுமில்லை. ஜெராக்ஸ், கரண்ட் பில், போன் ரீசார்ஜ், அப்புறம் காரின் முன்கண்ணாடியில் ஒட்டுகிற டோல் டேக்குக்குப் பணம் போட்டுக் கொடுப்பது. எல்லைக் கடை ஆனபடியால் வாடிக்கையில் பாதி கேரள வண்டி, பாதி தமிழ்நாட்டு வண்டி. யார் எங்கே, எதற்குப் போகிறார்கள் என்பது எனக்குச் சுடச்சுடத் தெரிந்துவிடும். லேகா ஒரு வம்புக்காரி என்று என் வீட்டுக்காரர் தீபு சொல்வார். சொல்லட்டும், கடை வாடகை கட்டுவது நான்தானே.

ராஜதாஸ் மாமா டாக்ஸிக்காரர். அம்பாசடரில் தொடங்கி சுமோவில் முடித்தவர். அம்பூரி மலையிலிருந்து நோயாளிகளை ஆஸ்பத்திரிக்கும், வளைகுடாவுக்குப் போகிறவர்களை விமான நிலையத்துக்கும், சர்ச் சபையாரைக் கன்வென்ஷனுக்கும் ஏற்றிப் போயே வயதானவர். நாற்கரச் சாலையில் டோல் புதிதாக வந்த காலத்தில் ஒருமுறை சென்னைக்குச் சவாரி பேசினார். டோலை வாடகையில் சேர்க்க வேண்டும் என்று அவருக்குத் தோன்றவில்லை. வழி நெடுக ஒவ்வொரு டோல் கேட்டிலும் சொந்தப் பையிலிருந்து எடுத்துக் கொடுத்துக்கொண்டே போனார். வீடு வந்து சேர்ந்தபோது ரத்னபாய் மாமியிடம் கொடுக்கக் கையில் சல்லிக்காசு மிச்சமில்லை. அன்று பிடித்த வெறி அது. அதன் பிறகு எந்தச் சவாரிக்கும் முதலில் கேட்டுகளை விரல் மடக்கி எண்ணி, டோலைத் தனியாகச் சொல்லி, அப்புறம்தான் வாடகை பேசுவார். நடுவில் டோல் இல்லாத பழைய ரோட்டில் புகுந்து மிச்சம் பிடித்தால், மிச்சத்தை வண்டியில் ஏறினவர் கையிலேயே திருப்பித் தந்துவிடுவார். அந்த நாணயத்துக்காகவே ஜனம் அவரைத் தேடி வந்தது.

இரவில் கண் மங்கத் தொடங்கியதும் சுமோவை விற்றார். வாயை விற்கவில்லை. "டேக்குல பைசா இல்லாம போவாத! போனாலும் ரொக்கத்தை நீட்டாத, இரட்டி எடுப்பான். போன்ல பைசா அடைச்சா கால் பங்கு தான் கூடும்!" என்று பெஞ்சிலிருந்து அவர் கத்துவது என் கடைக்குள் கேட்கும். "வெள்ள போர்டு சொந்த வண்டி நிறைய ஓடுமெங்கில் வருஷ பாஸ் எடு, இருநூறு தடவ கடக்கலாம். ஹைவே டோல்ல மட்டும் ஆக்கும். வேற டோல்ல போய் அதைக் காட்டிச் சண்டை பிடிக்காத!" என் வியாபாரத்தில் பாதி அவர் அனுப்பி வைத்தது.

இப்படிப்பட்ட மனிதருக்கு அந்த டோலே வினையாக வந்தது.

மகன் பினுவின் கல்யாணத்துக்கு மாமா ஒரு கார் வாங்கிக் கொடுத்தார். எங்கள் ஊர்க்காரர்கள் கார் வாங்குவதில் ஒரு முறை உண்டு. முக்கால்வாசிக் குடும்பத்துக்கு எல்லைக்கு இந்தப் பக்கம் ஒரு விலாசம், அந்தப் பக்கம் ஒரு விலாசம் இருக்கும். எந்தப் பக்கம் வரி குறைவோ, வண்டி அந்தப் பக்கத்துப் பிள்ளையாகிவிடும். மாமாவும் அப்படித்தான் அருமனையில் மாமியின் பிறந்த வீட்டு விலாசத்தில், மாமி பெயரில், தமிழ்நாட்டு நம்பர் போட்டு வாங்கினார். டோல் டேக்கும் மாமி பெயரில்தான். ஆனால் அதற்குக் கொடுத்த போன் நம்பர் மாமாவுடையது. மாமிக்குப் போனில் வருகிற செய்தியெல்லாம் பார்க்கப் பொறுமை கிடையாது.

பினுவின் மனைவி ஜினிக்கு மாதம் நெருங்கிக்கொண்டிருந்த சமயம். பரிசோதனைக்காகத் திருவனந்தபுரத்துக்குப் புறப்பட்டார்கள். மகன் வண்டி ஓட்டும் வேகம் பிடிக்காமல் மாமா தாமே ஓட்டினார். பாறசாலை வருவதற்குள் ஜினிக்கு லேசாக வலி கண்டுவிட்டது. பாறசாலையில் ஒரு பாதை காரோடு என்கிற ஊரில் போய் பைபாஸில் ஏறும். ஒரே ஓட்டமாக ஓடிவிடலாம், வழியில் ஒரு டோல் உண்டு. இன்னொன்று நெய்யாற்றின்கரை வழியாகப் போகிற பழைய ரோடு. டோல் கிடையாது, நெரிசல் உண்டு. மாமாவின் கை பழைய ரோட்டுக்குத் திரும்பிற்று.

பாலராமபுரம் சந்தியில் வண்டி நின்றது, நின்றதுதான். முன்னாலும் பஸ், பின்னாலும் பஸ். ஜினி வலியில் சீட்டைப் பிறாண்டினாள். பினு இறங்கி முன்னால் ஓடி, ஒவ்வொரு வண்டிக்காரனிடமும் விலகச் சொல்லிக் கெஞ்சினான். கடைசியில் வழியில் கிடைத்த ஒரு சின்ன ஆஸ்பத்திரியில் பிள்ளை பிறந்தது. பெண் குழந்தை, எடை குறைவு. கண்ணாடிப் பெட்டியில் வைப்பதற்காக ஆம்புலன்ஸில் போட்டு நகரத்துக்குக் கொண்டு ஓடினார்கள். தாயும் பிள்ளையும் பிழைத்தார்கள். ஆனால் ஆஸ்பத்திரி வராந்தாவில், ஜனம் பார்த்து நிற்க, பினு அப்பாவிடம் கேட்டான்.

"நூத்தம்பது ரூவா டோல் ஆக்குமா உங்களுக்கு பெருசு? எனக்க பெண்டாட்டி பிள்ளைய விடவா?"

மாமா அன்று டோலை நினைத்திருக்கவே மாட்டார், பழகிய கை தானாகத் திரும்பியிருக்கும் என்று நான் இன்றும் நம்புகிறேன். ஆனால் ஊருக்கே டோல் கணக்குச் சொன்ன வாயால் அதைச் சொன்னால் யார் நம்புவார்கள்?

பினுவுக்குக் கழக்கூட்டத்தில் ஒரு கம்பெனியில் வேலை. மனைவியையும் குழந்தையையும் அங்கேயே வாடகை வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போய்விட்டான். காரை வேண்டாம் என்றுதான் சொன்னான். குழந்தையை ஆஸ்பத்திரிக்குத் தூக்கி அலைய வேண்டுமே என்று மாமி சாவியை ஜினியின் கையில் திணித்துவிட்டாள். அதன் பிறகு ஜினி மாமியை மட்டும் போனில் கூப்பிடுவாள். குழந்தையின் படம் வரும், மாமி காட்டுவாள். நல்லாயிருக்கு என்கிற அர்த்தத்தில் "கொள்ளாம்" என்று ஒரு சொல் சொல்லிவிட்டு மாமா வெளியே போய்விடுவார். பேத்தியை அவர் ஒருமுறைகூடத் தூக்கியதில்லை. மனிதர் பாதியாக இளைத்துவிட்டார். பெஞ்சிலிருந்து வருகிற திட்டில்கூடப் பழைய காரம் இல்லை.

அப்படி இருக்கும்போது ஒரு ஞாயிறு, ஆராதனை முடிந்த கையோடு, தேய்த்த வெள்ளைச் சட்டை கசங்காமல் என் கடைக்கு வந்து போனை நீட்டினார்.

"இது என்னாக்கும் மக்கா, பாரு."

காரின் டேக்கிலிருந்து பைபாஸ் டோலுக்குப் பணம் எடுத்ததாகச் செய்தி வந்திருந்தது. நம்பர் மாமாவுடையதுதானே. கழக்கூட்டத்திலிருந்து கிளம்பினால் அந்த டோலைக் கடந்துதான் எங்கள் பக்கம் வர வேண்டும்.

"பினு தெக்க வாறான்," என்றேன்.

மாமா போனை வாங்கிக்கொண்டு பெஞ்சுக்குப் போனார். கொஞ்ச நேரம் கழித்து அங்கிருந்தே கையை விரித்துக் காட்டினார். திரும்பிப் போன செய்தியும் வந்துவிட்டது.

அதிலிருந்து பெரும்பாலும் ஞாயிறுதோறும் இதே கதை. டோல் கடந்து வருவான், அன்றைக்கே திரும்பிவிடுவான். கோவளத்துக்குக் கடல் பார்க்க வருகிறானோ, கூடுதலாக வேறு வேலை ஏதும் பார்க்கிறானோ, ஒன்றும் தெரியாது. மாமா என்னிடம் வந்து கொதிப்பார். "ஞாயித்துக்கிழமை பழைய ரோட்டுல என்ன கூட்டம்? சும்மா கொண்டு டோல்ல குடுக்கியான், எரப்பாளி!" கொதித்து முடித்ததும் பணத்தை எடுத்து வைப்பார். "இதை அவனுக்க டேக்குல போடு. காலியாகப்பிடாது கேட்டியா. வழியில மறிச்சு நிறுத்துவானுவ."

நான் சும்மா இருப்பேனா? "மாமா, வெள்ள போர்டு வண்டி, வாரா வாரம் ஓடுது. வருஷ பாஸ் போட்டா எவ்வளவு லாபம்! ஊருக்கெல்லாம் நீங்க தானே சொல்லுவிய?"

அவர் ரோட்டைப் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்திச் சொன்னார்.

"பாஸ் போட்டா வருஷத்துக்கு ஒருக்கா பைசா அடைச்சா போரும் மக்கா. பின்ன வாரா வாரம் அவனுக்கு நான் என்ன செய்ய?"

வாயாடி என்று பெயரெடுத்த நான் அன்று பணத்தை வாங்கிப் பேசாமல் டேக்கில் போட்டேன்.

இன்னொரு நாள், மாமியை விட்டு ஜினியிடம் விசாரிக்கச் சொன்னேன். பதறிவிட்டார். "வேண்டாம் மக்கா! கேட்டா எனக்கு மெசேஜ் வாறது அவனுக்குத் தெரிஞ்சு போவும். வேற டேக் வாங்கி ஒட்டுவான். பின்ன எனக்கு இதும் இல்ல." போனைச் சட்டைப்பையில் போட்டு அதன் மேல் கையை வைத்துக்கொண்டார். தான் பணம் போடாமலே தீராமல் இருக்கிற டேக்கைப் பற்றிப் பினு யோசிக்க மாட்டானா என்று எனக்குள் ஒரு சந்தேகம் இருந்தது. மாமாவின் முகத்தைப் பார்த்து அதை விழுங்கிக்கொண்டேன்.

கிறிஸ்துமஸ் நெருங்கிய ஒரு ஞாயிறு. சந்தியில் கடைக்குக் கடை நட்சத்திரம் தொங்கிற்று. ஆராதனை முடிந்து வந்த மாமா என் கடையிலேயே உட்கார்ந்துவிட்டார். போனை மேசைமேல் வைத்து, அது ஒலிக்கக் காத்திருந்தார். வழக்கமான வேளை தாண்டிற்று. ஒன்றும் வரவில்லை.

"வேற டேக் எடுத்திட்டான் மக்கா," என்றார். முகம் வெளுத்துவிட்டது.

"இண்ணைக்கு வராம இருந்திருப்பான் மாமா. வீட்டுல கெடந்து உறங்குவானா இருக்கும்."

மாமிக்குப் போன் போட்டு ஜினியைக் கூப்பிடச் சொன்னார். ஜினி எடுக்கவில்லை. அதுவரை செய்யாததைச் செய்தார், தம் போனிலிருந்தே பினுவைக் கூப்பிட்டார். மணி அடித்து அடித்து நின்றது. டேக் போனாலும் போகட்டும், பிள்ளைகளுக்கு ஏதும் ஆகியிருக்குமோ என்று இப்போது பயம் வேறு பக்கம் திரும்பிற்று.

"உனக்க காரை எடுக்கியா மக்கா? ஒண்ணு போய் பாத்திட்டு வரலாம். வீட்டுக்க முன்ன வண்டி நிக்கியதைப் பாத்தா போரும். உள்ள ஏற வேண்டாம், விளிக்க வேண்டாம்."

கடையைப் பக்கத்துக் கடை சத்யபாமா அக்காவிடம் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டுக் காரை எடுத்தேன். பாறசாலையில் பழக்கதோஷத்தால் நான் பழைய ரோட்டைப் பார்த்தேன். "பைபாஸ் போ," என்றார் மாமா. அவர் வாயால் அந்தச் சொல்லைக் கேட்பேன் என்று நான் நினைத்ததே இல்லை.

டோலில்தான் என் மானம் போயிற்று. கேட் திறக்கவில்லை. ஊருக்கெல்லாம் டேக் நிரப்புகிற என் காரின் டேக்கில் பணம் இல்லை! ரொக்கமானால் இரட்டி, போனில் அடைத்தால் குறையும் என்றான் அங்கிருந்த பையன். மாமா பெஞ்சிலிருந்து கத்துகிற அதே பாடம். நான் அவசரமாகப் போனை எடுத்தேன். அது சுற்றிச் சுற்றி நின்றது. பின்னால் ஒருவன் ஹாரனை அழுத்திக்கொண்டே இருந்தான்.

"ஒரு நிமிஷம் மாமா, இதோ..."

மாமா என்னைத் தாண்டிக் கையை நீட்டி, ரொக்கத்தை அந்தப் பையனின் கையில் வைத்துவிட்டார். இரட்டித் தொகை.

"மாமா, இரட்டி!"

"போனா போவட்டு மக்கா. நீ வண்டிய எடு."

ஒரு கேட்டுக்கு அஞ்சு ரூபாய் கூடினால் ஒரு வாரம் புலம்புகிற மனிதர் அவர்.

டோலைக் கடந்து கொஞ்ச தூரம்கூடப் போகவில்லை, மாமாவின் போன் அடித்தது. மாமி. அவள் கத்தின கத்து எனக்கே கேட்டது.

"நீங்க எங்க போய் கெடக்கிய? இஞ்ச பிள்ளைய கொண்டு வந்திருக்கான்! மூணு பேரும் வந்திருக்கு! வேகம் வாங்க!"

மாமா என்னைப் பார்த்தார். திருப்பு என்று கையால் காட்டினார். அடுத்த திருப்பத்தில் திருப்பினேன். மறுபடியும் அதே டோல். இந்த முறை நான் ஒழுங்காகப் போனில் அடைத்தேன். எவ்வளவு என்று அவர் கேட்கவே இல்லை.

வீட்டு முற்றத்தில் தமிழ்நாட்டு நம்பர் கார் நின்றது. மாமா இறங்கி நேரே அதன் முன்கண்ணாடியைப் பார்த்தார். அதே டேக்தான். அதை விரலால் ஒருமுறை தொட்டுவிட்டுத்தான் வீட்டுக்குள் போனார்.

பினு எழுந்து நின்றான். அப்பாவும் மகனும் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். இரண்டும் ஒரே வார்ப்பு, வீம்பில் ஒன்றுக்கொன்று சளைத்ததில்லை. கடைசியில் மாமாதான் பேசினார்.

"எந்த வழியாட்டு வந்த?"

இத்தனை மாதம் கழித்து மகனிடம் கேட்க வேறு கேள்வி கிடைக்கவில்லை மனிதருக்கு! நான் தலையில் அடித்துக்கொள்ளாத குறை.

"பழைய ரோடு வழி," என்றான் பினு.

"அதாக்கும் மெசேஜ் வராத்தது." சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டார்.

"உங்களுக்கு மெசேஜ் வாறது எனக்குத் தெரியும். நான் ஒரு பைசா போடல்ல, டேக் தீரவும் இல்ல. வேற யாரு போடுவா?"

"அறிஞ்சிட்டுமா நீ வேற டேக் எடுக்கல்ல?"

"எடுத்தா, நான் வாறது உங்களுக்கு எப்படித் தெரியும்?"

மாமாவுக்குப் புரியவில்லை. எனக்கும்தான். குழந்தையை மடியில் வைத்திருந்த ஜினி சொன்னாள். "ஞாயித்துக்கிழமை ஆனா வேலை உண்டுண்ணு சொல்லிட்டு எறங்குவாரு மாமா. இஞ்ச வரத்தான் எறங்கினது. காரோடு ஊரு வரை வருவாரு. பின்ன உங்க மொகத்தைப் பாக்க நாணமாட்டு, அங்க வண்டிய நிறுத்தி இருந்திட்டு திரும்புவாரு. நேத்து தான் எனக்கிட்ட சொன்னாரு. நானும் வாறேன், பிள்ளையையும் எடுத்திட்டு போவலாம் எண்ணு சொல்லிட்டேன்."

"நான் டோல் கடந்ததும் நீங்க மெசேஜைப் பாத்திட்டு வாசல்ல வந்து நிப்பியண்ணு நெனப்பேன்," என்றான் பினு. "ஒவ்வொரு வாட்டியும் உங்களை ஏமாத்திட்டு போறது எனக்கே பொறுக்கல்ல. இண்ணைக்கும் வழியில மனசு மாறினா நீங்க ஏமாறப்பிடாது. அதாக்கும் போனும் எடுக்காம, டோல் இல்லாத்த வழி வந்தேன்."

மாமா அப்படியே நாற்காலியில் உட்கார்ந்தார். மகன் காரோட்டில் வண்டியை நிறுத்திவிட்டுத் தவித்த ஞாயிறுகளில்தான் இவர் என் கடையில் நின்று, வீணாக டோல் கொடுக்கிறான் என்று அவனை வைதுகொண்டிருந்தார். அதை நினைத்தாரோ என்னவோ, தோள் குலுங்கக் குலுங்க அழுதார். நான் அவர் அழுது பார்த்ததே இல்லை. எனக்கும் பொலபொலவென்று வந்துவிட்டது.

"அண்ணைக்கு டோலை நான் நெனைக்கல்ல மக்கா," என்றார் ஜினியைப் பார்த்து. "எனக்க கை தானாட்டு திரும்பிப் போச்சு. கர்த்தர் சாட்சி."

"எனக்குத் தெரியும் மாமா," என்று சொல்லி ஜினி குழந்தையை அவர் மடியில் வைத்தாள். அது அவர் சட்டைப்பையிலிருந்த போனைப் பிடித்திழுத்து வாயில் வைத்துக்கொண்டது. அவர் பிடுங்கவில்லை.

மறுநாள் காலையில் கடை திறக்கும்போதே மாமா வந்து நின்றார்.

"அந்த வருஷ பாஸை அவனுக்க வண்டிக்குப் போட்டிடு மக்கா."

"அப்ப வாரா வாரம் பைசா போட வேண்டாமா?" என்று சீண்டினேன்.

"எதுக்கு? அவன் தான் நேரில வாறானே."

நான் வண்டி நம்பரைத் தட்டிக்கொண்டிருந்தேன். மாமா விரலை மடக்கி மடக்கி ஏதோ எண்ணினார். பிறகு கவலையோடு என் பக்கம் குனிந்தார்.

"வருஷத்துக்கு இருநூறு தடவ தான் உண்டு. போருமா மக்கா?"

வாரா வாரம் போக வர என்று வைத்தாலும் அதில் பாதிதான் ஆகும். ஊருக்கெல்லாம் டோல் கணக்குச் சொல்கிறவருக்கு அது தெரியாதா?

"போராது மாமா," என்றேன். "தீந்தா வேற போடலாம்."